வீடு உங்களுக்குத்தான்

மேஜரைப் பார்த்து நாலு வார்த்தை நறுக்கென்று கேட்டுவிட வேண்டும் என்றுதான் அன்று வேலைக்கு அரைநாள் விடுப்புப் போட்டேன். பட்டாளத்துக்காரன் பெண்டாட்டி புருஷனின் மேலதிகாரியைத் தேடிப் போவது எங்கள் தெருவில் யாரும் செய்கிற காரியம் இல்லை. விஷயம் வெளியே தெரிந்தால் போதும், "உங்க வீட்ல யாருடா சார்ஜென்ட்?" என்று மெஸ்ஸில் கேட்டே மனுஷனைச் சாகடிப்பார்கள். தெரிந்துதான் போனேன். எனக்கு அப்போது வந்திருந்த கோபத்துக்கு ஜெனரல் வீட்டுக் கதவைக்கூடத் தட்டியிருப்பேன்.

ஆகஸ்டில் என் கணவன் டேமியனுக்கு மாற்றல் உத்தரவு வந்திருந்தது. டவுன்ஸ்வில்லிலிருந்து பக்கபன்யல். தெற்கே விக்டோரியா மாநிலத்தில், குளிரில் விறைத்துக் கிடக்கிற பயிற்சி முகாம். ஜனவரியில் போய்ச் சேர வேண்டும். பட்டாளத்தில் மாற்றல் ஆளுக்கு வருவதில்லை, வீட்டுக்கே வரும். "எங்களுக்கு டார்வின் வந்திருக்கு", "எங்களுக்கு அடிலெய்டு" என்றுதான் பெண்கள் நாங்கள் பேசிக்கொள்வோம். கல்யாணமாகிப் பதினெட்டு வருஷமாக எங்களுக்கு வந்துகொண்டே இருந்தது. நானும் ஒவ்வொரு முறையும் வாயை மூடிக்கொண்டு பாத்திரங்களைச் சுற்றிக் கட்டினேன்.

இந்த முறை முடியாது என்று சொல்லிவிட்டேன். டேமியனைச் சமையலறை மேஜையில் உட்காரவைத்து, எதிரில் உட்கார்ந்து, ஒன்றொன்றாக எடுத்துச் சொன்னேன். ஊர் ஊராகப் போய் ரொட்டிக்கடையிலும் பெட்ரோல் பங்க்கிலும் அடிமட்டத்திலிருந்து ஆரம்பித்து அலுத்துப்போய், இங்கேதான் கால்நடை மருத்துவமனையில் தலைமை நர்ஸாக ஆகியிருக்கிறேன். விஷமுள்ள கரும்புத் தேரையைக் கவ்விவிட்டு நுரை தள்ளிக்கொண்டு வரும் நாயை யாரிடம் கொடுப்பது என்றால் என்னிடம்தான் கொடுக்கிறார்கள். மகள் டெஸ் அடுத்த வருஷம் பன்னிரண்டாம் வகுப்பு. மாநிலம் மாறினால் பாடமே மாறும். ஆர்ச்சிக்கு ஒன்பது வயது, திக்குவாய். பேச்சுப் பயிற்சி கொடுக்கும் அம்மாவிடம் இப்போதுதான் முழுசாக ஒரு வாக்கியம் பேசியிருக்கிறான். நாய் பிக்கிளுக்கு இடுப்பெலும்பு தேய்ந்துவிட்டது, குளிர் தாங்காது. கொல்லையில் நட்ட மாமரம் இந்த வருஷம்தான் முதன்முதலாகப் பூத்திருக்கிறது. இதையெல்லாம் சொல்லி, "மாற்றலை ரத்து பண்ணச் சொல்லிக் கேளு" என்றேன்.

ஊரே டேமோ என்று கூப்பிடும் என் புருஷன் ஒரு கல்லுளிமங்கன். எல்லாவற்றையும் கேட்டான். பீரை ஒரு வாய் குடித்தான்.

"சரி. நான் பேசுறேன்," என்றான்.

செப்டம்பரில் கேட்டேன். "பேசிட்டேன் ஜென். பாத்துக்கலாம்," என்றான். அதற்குமேல் ஒரு வார்த்தை கிடையாது. அக்டோபரும் வந்தது. தெருவில் மாற்றல் வந்த வீடுகளிலெல்லாம் சாமான் ஏற்றும் ஆட்கள் வந்து அளந்து எழுதிக்கொண்டு போனார்கள். எங்கள் வீட்டுக்கு ஆளும் வரவில்லை, ரத்து என்று தகவலும் வரவில்லை. இவன் கேட்டிருக்கிறான், அவர்கள் குப்பையில் போட்டுவிட்டார்கள் என்று முடிவு கட்டினேன். எத்தனை வருஷம் உழைத்தவன், ஒரு பதில் சொல்லக்கூடவா முடியாது? அந்தக் கோபத்தோடுதான் மேஜர் விட்லா முன்னால் போய் உட்கார்ந்தேன்.

மேஜர் என்னைவிட வயதில் சின்னவள். கூந்தலை இழுத்து முடிந்திருந்த இழுப்பில் புருவம் இரண்டும் மேலே ஏறியிருந்தன. நான் காரில் ஒத்திகை பார்த்துக்கொண்டு வந்த முதல் வாக்கியத்தை எடுப்பதற்குள் அவளே சிரித்துக்கொண்டு ஆரம்பித்துவிட்டாள்.

"வீட்டப் பத்தித்தானே வந்தீங்க ஜெனல்? கவலையே படாதீங்க. வீடு உங்களுக்குத்தான். நேத்துதான் முடிவாச்சு. யாரும் உங்களக் காலி பண்ணச் சொல்ல மாட்டாங்க."

பட்டாளத்து வீடு மாற்றலோடு ஒட்டிக்கொண்டது. மாற்றல் வந்தால் வீடு போகும். வீடு போகவில்லை என்றால் மாற்றல் இல்லை. எனக்குத் தெரிந்த கணக்கு அதுதான். நான் எழுந்தேன், மேஜையைச் சுற்றிக்கொண்டு போனேன், அந்தப் பெண்ணைக் கட்டிப்பிடித்துவிட்டேன். அவள் முதுகு பலகை மாதிரி விறைத்தது. எனக்கு எங்கே அதெல்லாம் உறைத்தது?

"நீங்க நல்லா இருக்கணும் மேடம்," என்றேன். அழுதுகூட விட்டேன். "ரத்து பண்ணவே மாட்டீங்கன்னு நெனச்சேன். உங்களத் திட்டுறதுக்குத்தான் வந்தேன், நிஜமாச் சொல்றேன்."

"ரத்தா?" என்றாள். "எதை?"

"மாற்றலைத்தான்."

அவள் என் கையை மெதுவாக விலக்கினாள். சிரிப்பு போய்விட்டிருந்தது.

"டேமியன் உங்ககிட்டச் சொல்லலையா? வீட்ல பேசி முடிவு பண்ணிட்டோம்னு சொன்னாரே. குடும்பம் இங்கேயே இருக்கட்டும், நான் மட்டும் தனியாப் போறேன்னு அவர்தானே வந்து கேட்டாரு? அதனாலதான் வீட்ட உங்களுக்கே விட்டு வெச்சிருக்கோம்."

காதில் கொய்யென்று ஒரு சத்தம் கேட்டது. அறையில் ஏசி ஓடிக்கொண்டிருந்தது, அந்தச் சத்தமோ என்று அதைப் பார்த்தேன். அது இல்லை.

"எவ்வளவு நாளைக்கு?" என்று கேட்டேன்.

"மூணு வருஷம்," என்றாள். பிறகு அவசரமாக, "ஜெனல், உங்களுக்குத் தெரியும்னு நெனச்சுத்தான் நான்..." என்று இழுத்தாள்.

"தெரியும், தெரியும்," என்றேன். "சொன்னாரு. நான்தான் வேற ஏதோ ஞாபகத்துல..." பொய்தான். அந்தச் சின்னப் பெண் முன்னால் புருஷன் சொல்லாமல் ஓடப் பார்க்கிறான் என்று நிற்பதைவிட, மூளை கெட்டவள் என்று நிற்பது மேல் என்று தோன்றியது. நன்றி சொன்னேன். கதவுக்குப் பதிலாகக் கோப்பு அலமாரியின் கைப்பிடியைப் பிடித்து இழுத்தேன். அவளே எழுந்து வந்து வாசல் வரைக்கும் கொண்டுவிட்டாள்.

வெயிலில் நின்ற காரின் ஸ்டீயரிங்கைப் பிடித்துக்கொண்டு எவ்வளவு நேரம் உட்கார்ந்திருந்தேனோ தெரியாது. பிறகு பார்த்தால் இரண்டு உள்ளங்கையும் சிவந்து போயிருந்தன. சுட்டது தெரியவே இல்லை. மூன்று வருஷம். கேட்டது அவன். ரத்து செய்யச் சொல்லி அனுப்பினால், தனியாக அனுப்பு என்று கேட்டுவிட்டு வந்து, என் எதிரில் உட்கார்ந்து சோறு தின்றிருக்கிறான். அப்புறம் என்ன, எல்லாப் பெண்டாட்டிக்கும் தோன்றுவதுதான் எனக்கும் தோன்றியது. எவளோ ஒருத்தி இருக்கிறாள். பக்கபன்யலில் யாரைத் தெரியும் இவனுக்கு? போன வருஷம் அங்கே பயிற்சிக்குப் போய்வந்த சமையல் பிரிவுக்காரி ஞாபகத்துக்கு வந்தாள். மருத்துவப் பிரிவில் உயரமாக ஒருத்தி இருந்தாள், அவளும் வந்தாள். வீடு போய்ச் சேர்வதற்குள் மூன்று பேரைப் பிடித்துவைத்துவிட்டேன்.

டேமோ கொல்லையில் நின்று அடுப்பில் சாசேஜ் வாட்டிக்கொண்டிருந்தான். பிள்ளைகள் உள்ளே டிவி பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"யாரு அவ?" என்றேன்.

"எவ?"

"நடிக்காத டேமோ. மேஜரப் பாத்துட்டு வரேன்."

கையிலிருந்த இடுக்கியை அடுப்போரம் வைத்தான். அவன் முகத்தில் பயத்தைத் தேடினேன், திருட்டு முழியைத் தேடினேன். களைப்புதான் இருந்தது.

"எவளும் இல்ல," என்றான்.

"அப்புறம் எதுக்குடா தனியாப் போகணும்னு கேட்ட? நான் என்ன கேக்கச் சொன்னேன், நீ என்ன கேட்டுட்டு வந்திருக்க? வாயில என்ன கொழுக்கட்டையா வெச்சிருந்த இவ்வளவு நாளா?"

"நீ கேட்டதத்தான் கேட்டேன் ஜென்."

"நானா?"

"அன்னிக்கு மேஜையில உக்காந்து சொன்னியே. உன் வேலை போகக்கூடாது. சரி, போகல. டெஸ் பள்ளிக்கூடம் மாறக்கூடாது. மாறல. ஆர்ச்சிக்கு அந்தம்மா வேணும். இருக்காங்க. பிக்கிள் குளிர்ல கஷ்டப்படக்கூடாது. படாது. எல்லாத்தையும் நான் கேட்டுக்கிட்டேதான் இருந்தேன். அதுல மாமரம்கூட இருந்துச்சு. நான் இல்ல."

அவன் குரலை உயர்த்தவில்லை. உயர்த்தியிருந்தால் நானும் உயர்த்தியிருப்பேன், தப்பித்திருப்பேன். சாசேஜ் ஒன்று வெடித்து எண்ணெய் தெறித்தது, இரண்டு பேரும் நகரவில்லை.

"கிறுக்காடா உனக்கு?" என்றேன். "நீ இல்லாமயா? நீ வீட்ல இருக்கணுங்கறத ஒருத்தி வாய்விட்டு வேற சொல்லணுமா?"

"எப்பவாச்சும் சொல்லிருக்கியா?"

சொன்னதில்லை. அதுதான் என்னை அடித்துப் போட்டது. ஞாபகத்தில் துழாவிப் பார்த்தேன், ஒன்றுகூட அகப்படவில்லை. அவன் முதல்முறை போருக்குப் போகும்போது எனக்கு இருபத்து மூன்று வயது. விமானதளத்தில் மூத்த சிப்பாய்களின் மனைவிகள் என்னைத் தனியே கூட்டிக்கொண்டு போய்ச் சொன்னார்கள்: அழாதே, போகாதே என்று மட்டும் சொல்லிவிடாதே, அந்த வார்த்தையைக் காதில் வாங்கிக்கொண்டு போகிறவன் கவனம் தப்பிச் செத்துப்போவான். எங்கள் பெண்களிடையே இது எழுதாத சட்டம். "ஜாக்கிரதை, பல்லைத் தேய்" என்று சொல்லி முதுகில் தட்டி அனுப்புவோம். நான் அந்தச் சட்டத்தை அப்படியே பிடித்துக்கொண்டேன். போருக்குப் போனபோதும் சொல்லவில்லை. புயல் நிவாரணத்துக்குப் போனபோதும், மூன்று மாதக் காட்டுப் பயிற்சிக்குப் போனபோதும் சொல்லவில்லை. அதில் எனக்குப் பெருமை வேறு. ஜெனல் மாதிரி கெட்டிக்காரப் பெண் உண்டா என்பார்கள். இவன் மட்டும் அத்தனை முறையும் என் முகத்தைப் பார்த்துக்கொண்டே விமானம் ஏறியிருக்கிறான்.

அதைச் சொல்லியிருக்கலாம். அந்த நேரம் பார்த்துக் கதவைத் திறந்துகொண்டு டெஸ் வந்தாள்.

"என்ன சண்டை? பக்கபன்யலா?"

"நீங்க போகல," என்று டேமோ சொன்னான். "இங்கேயே இருக்கப் போறீங்க. நான் மட்டும் போறேன்."

டெஸ் ஒரு கத்துக் கத்தினாள் பாருங்கள், பக்கத்து வீட்டுக் கிளிகளெல்லாம் மரத்தைவிட்டுக் கிளம்பின. "நிஜமாவா? நிஜமாவாப்பா? ஐயோ, நான் எல்லார்கிட்டயும் அழுது தொலச்சிட்டேனே!" என்று குதித்தாள். அவன் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். அவளுக்குப் பின்னால் வந்த ஆர்ச்சி விஷயத்தை மெதுவாக மென்று முழுங்கிவிட்டு, தன் அப்பனை அண்ணாந்து பார்த்தான்.

"அப்போ பி-பிக்கிள் உள்ள படுக்கலாமா?"

நாய் வீட்டுக்குள் படுக்கக்கூடாது என்பது டேமோ போட்ட விதி. டேமோ சிரித்தான். வாய்விட்டே சிரித்தான். "படுக்கலாம்டா கண்ணா. உன் கட்டில்லயே படுக்கட்டும்," என்றான். நான் திரும்பி அடுப்பை அணைத்தேன். பிள்ளைகள் மேல் தப்பில்லை. அப்பா போவதும் வருவதும் அவர்களுக்கு மழை வெயில் மாதிரி. யாரும் அதற்கு வருத்தப்பட்டு அவர்கள் பார்த்ததே இல்லை. என்னைப் பார்த்துத்தானே வளர்ந்தார்கள்.

அன்று பாத்திரம் கழுவும்போது சொன்னேன். "ரத்து பண்ணச் சொல்லு. மொத்தமா."

"எதுக்கு?"

"சொல்லுன்னா சொல்லேன்!"

"நீ சொன்னாக் கேக்குறேன்," என்றான், தட்டைத் துடைத்துக்கொண்டே. "ஆனா காரணம் கேப்பாங்க ஜென். சும்மா வேணாம்னு சொல்ல முடியாது."

மறுநாள் மதியச் சாப்பாட்டு நேரத்தில் என் மருத்துவமனை வாசலுக்குக் காரைக் கொண்டுவந்தான். அவன் சீருடையில் இருந்தான். நான் மேலெல்லாம் நாய் முடியோடு பக்கத்தில் ஏறி உட்கார்ந்தேன். சிப்பாய்களின் மாற்றல்களைப் பார்த்துக்கொள்ளும் வாரண்ட் ஆபீசர் கீஓவுக்கு, நான் கேட்கிற மாதிரி ஒலிபெருக்கியில் போட்டு, அழைத்தான். கீஓ கான்பெராவில் உட்கார்ந்திருக்கிற மனிதர். வாயில் எதையோ மென்றுகொண்டே, டேமோவைக் குடும்பப் பெயர் சொல்லிக் கூப்பிட்டுப் பேசினார்.

"போல்ஜர், உனக்கு என்னப்பா? நீ கேட்டதத்தான் குடுத்தாச்சே."

"சார், அந்த மாற்றலையே ரத்து பண்ண முடியுமான்னு கேக்கத்தான்..."

மெல்லுவது நின்றது. "வெளையாடுறியா? அக்டோபர் மாசம் வந்து கேக்குற? தனியாப் போறேன்னு நீயாதான வந்து கேட்ட? சரி, காரணம் என்ன சொல்லு."

டேமோ முன்கண்ணாடி வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தான். அவன் சொல்ல மாட்டான் என்று எனக்குப் புரிந்தது. அவன் சொல்லக்கூடிய காரணமே இல்லை அது. நான்தான் சொல்ல வேண்டும். போன் பக்கம் குனிந்தேன்.

"சார், நான் ஜெனல், அவரோட மனைவி பேசுறேன். எங்க பொண்ணு அடுத்த வருஷம் பன்னிரண்டாவது சார்."

சத்தியமாகச் சொல்கிறேன், அதைச் சொல்ல நான் வாயைத் திறக்கவில்லை. ராத்திரி முழுக்க வேறு ஒன்றை மனசுக்குள் வைத்திருந்தேன். அதிகாரியின் குரலைக் கேட்டதும் என் வாய் தானாக அந்தப் பழைய மேஜைக்கே ஓடிப்போய்விட்டது. என் காதால் நானே கேட்டேன், எனக்கே அதிர்ச்சியாக இருந்தது.

"அதுக்குத்தானே மேடம் உங்கள அங்கேயே விட்டு வெச்சிருக்கோம்," என்றார் கீஓ. "படிப்பு கெடாது."

டேமோ என்னைப் பார்க்கக்கூட இல்லை. "சரி சார். தொந்தரவுக்கு மன்னிச்சுக்குங்க," என்று சொல்லி, போனை அணைக்க விரலைக் கொண்டுபோனான். அந்த மணிக்கட்டைப் பிடித்தேன். நகம் பதிகிற மாதிரி பிடித்தேன்.

"போகாத," என்றேன். போனைப் பார்த்துச் சொல்லவில்லை. "டேமோ, போகாதடா. எனக்கு நீ வேணும். படிப்பும் மரமும் எக்கேடோ கெட்டுப் போகட்டும். நீ ஒவ்வொரு தடவ போகும்போதும் எனக்கு உயிர் போயிருக்கு, தெரியுமா? போகாத."

அவன் என்னைப் பார்த்த பார்வையை என்னவென்று சொல்வது? குண்டு வெடித்தால்கூட அசையாதவன் என்று பேர் வாங்கியவன். வாய் கொஞ்சம் திறந்திருந்தது. மூச்சு விட மறந்துவிட்டானோ என்று பயந்துபோனேன்.

அந்த மாற்றல் ரத்தாக அதற்குப் பிறகு மூன்று வாரம் பிடித்தது. பிரிஸ்பேனிலிருந்து கல்யாணமாகாத ஒருவர் தானாக முன்வந்து அந்த இடத்தைக் கேட்டதால் நடந்தது. பதவி உயர்வு இரண்டு வருஷம் தள்ளிப்போகும் என்று டேமோவிடம் சொன்னார்கள், தள்ளியும் போனது. டெஸ் ஒரு வாரம் எங்களைக் கிண்டல் செய்து தீர்த்தாள். அதெல்லாம் பின்னால் நடந்தது. அன்று அந்தக் காரில், நான் அவன் கையை விடவே இல்லை. போன் இன்னும் அணையவில்லை என்பது இரண்டு பேருக்குமே மறந்துபோயிருந்தது. கீஓ தொண்டையைச் செருமிய பிறகுதான் திடுக்கிட்டோம்.

"இங்க பாரு போல்ஜர்," என்றார். குரல் கொஞ்சம் தணிந்திருந்தது. "இதயெல்லாம் நான் காரணம்னு எழுத முடியாதுப்பா. போகாதன்னு எல்லா வீட்லயும்தான் பொண்டாட்டி சொல்லுவாங்க."

டேமோ போன் பக்கம் குனிந்தான்.

"எங்க வீட்ல இதுதான் சார் மொதத் தடவை," என்றான்.